அந்த அரையிறுதியே வந்தனாவால் வந்ததுதான்

2021 ஆகஸ்ட் 4. டோக்கியோ ஒலிம்பிக் மகளிர் ஹாக்கி அரையிறுதியில் அர்ஜென்டினாவிடம் இந்தியா 1-2 என்று தோற்றது. ஹரித்வாரை ஒட்டிய ரோஷ்னாபாத்தில், வந்தனா கட்டாரியாவின் வீட்டு வாசலில் ஆதிக்க சாதி ஆண்கள் சிலர் பட்டாசு வெடித்து ஆடினார்கள், அணியில் தலித்துகள் அதிகமாகிவிட்டதால்தான் தோல்வி என்று சாதியைச் சொல்லி ஏசினார்கள் என்று குடும்பத்தினர் புகார் கொடுத்தார்கள். வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் வழக்குப் பதிவானது, கைதும் நடந்தது.

இது நம் எல்லோருக்கும் தெரியும். அதற்கு நான்கு நாள் முன்பு நடந்தது எத்தனை பேருக்கு நினைவிருக்கிறது?

ஜூலை 31. முதல் மூன்று ஆட்டங்களிலும் தோற்றிருந்த அணி, தென்னாப்பிரிக்காவை வென்றே ஆக வேண்டிய நிலை. 4-3 என்று வென்றது. அதில் மூன்று கோல் வந்தனா அடித்தவை. ஒலிம்பிக் ஹாக்கியில் ஹாட்ரிக் அடித்த முதல் இந்தியப் பெண் அவர்தான். அந்த மூன்று கோல் இல்லையென்றால் காலிறுதி ஏது, ஆஸ்திரேலியாவை 1-0 என்று வீழ்த்தியது ஏது, அரையிறுதிதான் ஏது? பட்டாசு கொளுத்தியவர்களுக்குக் கொண்டாட ஒரு தோல்வி கிடைத்ததே வந்தனாவால்தான்.

அந்த ஆண்டு மே மாதம் அவருடைய அப்பா இறந்தபோது வந்தனா பெங்களூரு பயிற்சி முகாமில் இருந்தார். கடைசியாக முகம் பார்க்கவும் ஊருக்குப் போக முடியவில்லை. வீட்டு வாசலில் பட்டாசு வெடித்த இரண்டாம் நாள், பிரிட்டனுக்கு எதிரான வெண்கலப் பதக்க ஆட்டத்திலும் ஒரு கோல் அடித்தார்.

ஆய்வு மாணவி என்பதால் 'தகுதி' என்ற சொல்லை வாரம் ஒருமுறையாவது கேட்கிறேன். "விளையாட்டைப் பாருங்கள், இந்திய அணியில் இடஒதுக்கீடா இருக்கிறது?" என்பார்கள். சரி, இல்லை. வந்தனா கோல் அடித்துத்தான் அணிக்குள் வந்தார். (ஒதுக்கீட்டில் வந்திருந்தாலும் அதில் குறையொன்றும் இல்லை.) அப்படி வந்த பிறகும் தலித்துகள் எத்தனை பேர் என்று எண்ணத்தானே செய்தார்கள்? தகுதி பேசும் நண்பர்கள் இதற்கு என்ன சொல்வார்கள் என்று கேட்டுப் பார்த்திருக்கிறேன். பெரும்பாலும் பேச்சை மாற்றுகிறார்கள்.

நம் தரப்பிடமும் எனக்கு ஒரு வருத்தம் உண்டு. வந்தனா என்றால் நாமும் அந்தப் பட்டாசைத்தான் பேசுகிறோம். 2009இல் இந்திய அணிக்கு வந்தவர். 2013 ஜூனியர் உலகக் கோப்பையில் வெண்கலம் வென்ற அணியில் அதிக கோல் அடித்தவர். மொத்தம் 320 சர்வதேச ஆட்டங்கள், 158 கோல்கள். அவர் ஓய்வு பெற்றபோது, இந்தியாவுக்காக அத்தனை ஆட்டம் ஆடிய பெண் வேறு யாரும் இல்லை. கோலை நோக்கி வரும் பந்தை மட்டையால் லேசாகத் தொட்டுத் திசை திருப்புவாரே, அதைப் பற்றி நம்மில் யார் எழுதியிருக்கிறோம்?

2025 ஏப்ரல் 1 அன்று ஓய்வை அறிவித்தார். உள்ளே இருக்கும் நெருப்பு தணிந்ததால் போகவில்லை, உச்சத்தில் இருக்கும்போதே விடைபெற நினைக்கிறேன் என்றார். ஹாக்கி இந்தியா லீகில் தொடர்ந்து ஆடப்போவதாகவும் சொன்னார்.