எள் அரைக்கத் தெரியுமா?

நம் ஆபீஸ்களில் மேலதிகாரிக்கு ஐஸ் வைப்பார்கள், சோப்புப் போடுவார்கள், காக்கா பிடிப்பார்கள். ஜப்பான்காரர்கள் எள் அரைப்பார்கள். 'கோமா ஓ சுரு' என்று பெயர். (கோமா என்றதும் ஆஸ்பத்திரிக்கு ஓடாதீர்கள். கோமா என்றால் எள்!)

காரணம், 'சுரிபாச்சி' என்கிற அவர்கள் ஊர் மண்சட்டி. உள்பக்கம் பூரா சீப்பால் இழுத்த மாதிரி கீறல்கள். மரக்குழவியால் எள்ளை அரைத்தால் நாலா பக்கமும் போய் ஒட்டிக்கொள்ளும். எல்லோரிடமும் ஒட்டிக்கொள்கிற ஆசாமிக்கு அந்தப் பேர் அப்படித்தான் வந்ததாம்.

அந்த எள்ளில் செய்கிற சாஸ்தான் 'கோமாதரே'. 'ஷாபு ஷாபு'வுக்குத் தொட்டுக்கொள்வது. மெல்லிய மாட்டிறைச்சித் துண்டைக் கொதிநீரில் அலசுகிற சத்தம்தான் ஷாபு ஷாபு. 1952-ல் ஒஸாகாவின் சுவேஹிரோ ரெஸ்டாரண்ட் வைத்த பெயர். சைவர்கள் வெந்த முட்டைக்கோஸைத் தொட்டுக்கொள்ளலாம். ஜப்பான் கோபிக்காது.

போன ஞாயிறு செய்து பார்த்தேன். வெள்ளை எள் 4 டேபிள்ஸ்பூன். சிறு தீயில் வறுக்கணும். முதல் ஈடு, போன் எடுக்கப் போன கேப்பில் கருகி வேப்பங்காயாய்க் கசந்தது. அடுத்த ஈட்டை நாலு எள் படபடத்ததுமே இறக்கிவிட்டேன். சுரிபாச்சிக்கு எங்கே போவது? பாட்டியின் மருந்துக் கல்வம்தான். முதலில் பொடியாகும், அப்புறம் எண்ணெய் விட்டு விழுதாகும். அதில் சர்க்கரை 1 ஸ்பூன், சோயா சாஸ் 2, வினிகர் 1. கடைசியில் தண்ணீர் 3 ஸ்பூன், கொஞ்சம் கொஞ்சமாக. (அங்கே தண்ணீருக்குப் பதில், மாசிக்கருவாடு மாதிரி ஒன்றைச் சீவிப்போட்ட 'தாஷி'.)

இருபது நிமிஷத்தில் தோள்பட்டை கழன்றது. அப்போதுதான் பழைய ஆபீஸ் சகா ஞாபகத்துக்கு வந்தார். எள் என்றால் எண்ணெயாக நிற்பார். மானேஜர் தும்முவதற்குள் கைக்குட்டை நீட்டுவார். ப்ரமோஷன் அவருக்கு, ராஜினாமா எனக்கு. 'உழைக்காமல் முன்னேறிவிட்டான்' என்று பத்து வருஷமாகச் சொல்லி வந்தேன். இன்றோடு வாபஸ். தினம் எட்டு மணி நேரம், முகத்தில் சிரிப்பு மாறாமல், கருகாமல் அரைப்பதென்றால் சும்மாவா?

சாஸை விரலால் தொட்டு ருசி பார்த்த மனைவி, "பிரமாதம்ங்க! இனிமே ஞாயித்துக்கிழமை சமையல் நீங்கதான்!" என்றாள்.

என்னைவிட நைஸாக அரைக்கிறாள்.