சாமத்தியவீட்டில் ஒலித்த ஒப்பாரி

போன வருஷம் வவுனியாவில் ஒரு சாமத்தியவீடு. மண்டபம், டிஜே, கலர் லைட் எல்லாம் இருந்தது. சாப்பாடு முடிஞ்ச கையோட 'எஞ்சாய் எஞ்சாமி'யைப் போட்டாங்கள். பெடியள், பெட்டையள், மாமிமார் எண்டு ஒருத்தர் விடாமல் எழும்பி ஆடினவை. நானும்தான். பாட்டு முடிஞ்சு அரை மணித்தியாலம் இருக்காது, எங்கட மேசையில் ஒரு கலியாணப் பேச்சைப் பற்றிக் கதை வந்தது. "பெடியன் நல்லவன்தான். ஆனா சனம் தோட்டக்காட்டுச் சனமாம்" எண்டு ஒரு அன்ரி சொன்னா. மேசையில் இருந்த ரெண்டு மூண்டு பேர் 'ம்' கொட்டினவை. கொஞ்சம் முதல் கையைத் தூக்கி ஆடினதும் அதே அன்ரிதான்.

அந்தப் பாட்டு யாருடைய பாட்டு எண்டு அங்க ஒருத்தருக்கும் தெரியாதா, இல்லாட்டித் தெரிஞ்சும் கவலையில்லையா? அண்டையிலிருந்து இது எனக்குள்ள ஓடிக்கொண்டிருக்கு.

2021 மார்ச்சில் மாஜா நிறுவனத்தின் யூடியூப் பக்கத்தில் வந்த பாட்டு அது. அறிவு எழுதி, தீயோடு சேர்ந்து பாடினார். இசை சந்தோஷ் நாராயணன். வீடியோவில் ஒரு வயதான அம்மா கம்பீரமாக இருப்பா, அவதான் அறிவின் பாட்டி வள்ளியம்மாள். இலங்கையின் தேயிலைத் தோட்டத்தில் வேலை செய்து, பிறகு இந்தியாவுக்குத் திரும்பி, அரக்கோணம் பக்கம் வாழ்ந்தவ. காட்டைத் திருத்தி, மலையை வெட்டி, கடைசியில் ஒரு காணித்துண்டும் சொந்தமில்லாமல் போன ஆட்களின் பாட்டு அது. நடுவில் தாளம் அடங்கி ஒரு அழுகை வரும் பாருங்கோ, அது ஒப்பாரி. டிஜேமார் பெரும்பாலும் அந்த இடத்திலதான் அடுத்த பாட்டுக்கு மாத்திறவை!

வள்ளியம்மாள் ஏன் திரும்பினா? அவவைப் போன்றவர்களின் கதை எங்கட நாட்டின் கதை. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரில் மிகப்பெரும்பாலானோரை நாடற்றவர் ஆக்கியது. 1964 ஒக்டோபரில் சிறிமாவும் சாஸ்திரியும் ஒப்பந்தம் போட்டு ஆட்களைப் பங்கு பிரித்தார்கள்: 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு. மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்ப்போம் எண்டு விட்டு, 1974இல் பாதிபாதியாகப் பிரித்தார்கள். ஒரு குடும்பத்தில் அண்ணன் அங்க, தங்கச்சி இங்க. சந்தையில் தேங்காய் பிரிக்கிற மாதிரித்தான்.

கப்பல் ஏறினவர்களின் பேரப்பிள்ளை அறிவு. கப்பல் ஏறாதவர்களில் ஒரு பகுதி வன்னிக்கு வந்தது. 1958, 1977, 1983 எண்டு ஒவ்வொரு கலவரத்துக்கும் பிறகு தோட்டங்களிலிருந்து அடிபட்டு வந்த சனம் வவுனியா, கிளிநொச்சி, முல்லைத்தீவுக் காடுகளில் குடியேறியது. வவுனியாவைத் தளமாகக் கொண்டு டொக்டர் இராஜசுந்தரமும் எஸ்.ஏ.டேவிட்டும் நடத்திய காந்தியம் அமைப்பு அந்தச் சனத்தைப் பண்ணைகளில் குடியமர்த்தியது. 1983 ஏப்ரலில் ரெண்டு பேரையும் பிடித்தார்கள். யூலையில் வெலிக்கடைச் சிறைக்குள் இராஜசுந்தரம் கொல்லப்பட்டார். டேவிட் தப்பி, கனகாலம் இந்தியாவில் இருந்து, கடைசியில் கிளிநொச்சியில் 2015இல் கண்மூடினார். வவுனியா நகரத்தில் படிக்கிற எங்கட வயசுப் பிள்ளைகளிடம் இந்த ரெண்டு பேரையும் கேட்டுப் பாருங்கோ. டிஜே ஸ்னேக்கை எல்லாருக்கும் தெரியும்.

டிஜே ஸ்னேக் எண்டதும் 'கவர்' கதைக்கு வருவம். பாட்டு வந்த அதே வருஷம் அந்த பிரெஞ்சுக்காரர் அதை ரீமிக்ஸ் செய்தார். நியூயோர்க் டைம்ஸ் சதுக்கத்தின் விளம்பரத் திரையில் தீயும் ஸ்னேக்கும் தெரிந்தார்கள், அறிவு இல்லை. ஓகஸ்ட் மாத இந்திய 'ரோலிங் ஸ்டோன்' அட்டையில் தீயும் ஷான் வின்சன்ட் டி போலும் வந்தார்கள், அங்கயும் அறிவு இல்லை. பா.இரஞ்சித் பகிரங்கமாகக் கேட்ட பிறகுதான் சத்தம் எழும்பியது, பேந்து அறிவுக்கு ஒரு இணைய அட்டை போட்டார்கள். 2022 யூலையில் சென்னை செஸ் ஒலிம்பியாட் தொடக்கவிழா மேடையில் தீயும் கிடாக்குழி மாரியம்மாளும் பாடினார்கள். அறிவு அப்ப அமெரிக்காவில். மெட்டும் வரியும் தான் தூக்கம் முழிச்சு உருவாக்கினது எண்டு அவர் எழுத, பாட்டு எல்லாரும் சேர்ந்து செய்தது எண்டு சந்தோஷ் நாராயணன் நீளமாகப் பதில் எழுதினார். 2024 மார்ச்சில் இன்னொரு திருப்பம்: இந்தப் பாட்டால் மூன்று வருஷமாகத் தங்களுக்கு ஒரு சதமும் வரவில்லை எண்டு சந்தோஷே வீடியோவில் சொன்னார்.

இந்தச் சண்டையில் நான் முழுசாக ஒரு பக்கம் நிக்கேலாமல் இருக்கிறன். ரெண்டு இடத்திலும் அறிவு இல்லாமல் போனது தற்செயல் எண்டு யாராவது சொன்னால் நம்பமாட்டன். வரியையும் வாழ்க்கையையும் குடுத்தவன் கறுப்பாய், சேரிப் பெடியனாய் இருக்கேக்க படத்தில் இடம் சுருங்கிறது புதுசில்லை. ஆனால் "பாட்டு முழுக்க அவருடையது மட்டும்" எண்டு அவருடைய ரசிகர்கள் எழுதினதும் எனக்குச் சரியாகப் படவில்லை. ஒப்பாரி யாருடையது? பேர் பதியாத ஆயிரம் கிழவிகளுடையது. தீயின் குரல் இல்லாமல், அந்த ஒலிப்பதிவு இல்லாமல் அது சாமத்தியவீடு வரைக்கும் வந்திருக்காது. அறிவு செய்த பெரிய வேலை, அந்தக் கிழவிகளில் ஒருத்தியைப் பேர் சொல்லி, கதிரை போட்டு, கமராவுக்கு முன்னால இருத்தினது. அதாலதான் அவர் விடுபடேக்க கிழவியும் சேர்ந்து விடுபடுறா.

உலகத்தில் இது முதல்தரம் இல்லை. தென்னாபிரிக்காவில் சொலமன் லிண்டா 1939இல் பதிவு செய்த 'ம்பூபே'யைத்தான் அமெரிக்கர்கள் 'விமோவே' ஆக்கி, பிறகு 'த லயன் ஸ்லீப்ஸ் ருநைட்' ஆக்கி, 'லயன் கிங்' படம் வரைக்கும் கொண்டுபோனார்கள். லிண்டாவுக்குக் கிடைச்சது பத்து ஷில்லிங். 1962இல் ஏழையாகவே செத்தார். மகள்மாருக்கு 2006இல்தான் ஒரு தீர்வு வந்தது. அந்த அநியாயத்தைக் கிண்டி 2000ஆம் ஆண்டு நீண்ட கட்டுரை போட்டது எந்தப் பத்திரிகை தெரியுமோ? அமெரிக்க ரோலிங் ஸ்டோன்! சிரிக்கிறதா அழுகிறதா தெரியேல்லை.

ஆனால் 'கவர்' எண்டாலே களவு எண்டு நான் சொல்லவரேல்லை. மலையகத்தில் இதுக்கு நேரெதிரான ஒரு வரலாறு இருக்கு. கோ.நடேசய்யரின் துணைவியார் மீனாட்சியம்மாள் தோட்டம் தோட்டமாகப் போய், சனத்துக்குத் தெரிஞ்ச மெட்டுகளில் புதுச் சொல் போட்டுப் பாடினவ. துரைமார் கூட்டம் போட விடாத இடத்தில் பாட்டுப் போகும். 1940இல் அவவின் பாட்டுகள் சிறுநூலாகவும் வந்தன. சி.வி.வேலுப்பிள்ளை தோட்டத்துப் பாடல்களைத் தேடித் தொகுத்துப் புத்தகமாக்கினார். ஒரு மெட்டை எடுத்து இன்னொரு சனத்தின் கோபத்தை அதில் ஏத்திறதும் கவர்தான். யாரை நோக்கிப் பாடுறம் எண்ட தெளிவு மட்டும் அதில் இருந்தது.

எங்கட பக்கம் நடக்கிறதைப் பார்த்தால் வேற மாதிரி. எனக்குத் தெரிஞ்ச ஒரு பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் இந்தப் பாட்டை விழாவுக்கு எடுத்தவை. ஒப்பாரிப் பகுதியை வெட்டியாச்சு. அறிவிப்பில் "இயற்கையைப் பாதுகாப்போம் என்ற கருப்பொருளிலான பாடல்" எண்டு சொன்னவை. பச்சைச் சீலை, கையில் மரக்கன்று, நல்ல கைதட்டு. அந்த மேடையில் ஆடின பிள்ளைகளில் பாதிப்பேர் 77இல் வந்த குடும்பங்களின் கொள்ளுப்பேரர்கள். ரீச்சரில் பிழை இல்லை, அவவுக்கும் யாரும் சொல்லிக்குடுக்கேல்லை. ஆனால் நியூயோர்க்கில் அறிவை எடுத்ததுக்குக் கொதிச்சு ஸ்டேட்டஸ் போட்ட நாங்கள், எங்கட ஊரில் வள்ளியம்மாளை எடுத்ததைக் கவனிக்கவே இல்லையே.

ஒப்பாரி என்ன எண்டு வவுனியாவுக்குத் தெரியாமல் இல்லை. 2017 பெப்ரவரி 24இலிருந்து ஏ9 வீதியோரக் கொட்டிலில் காணாமல் ஆக்கப்பட்டவர்களின் அம்மாமார் இருக்கினம். போராட்ட நாட்களில் ஒரு அம்மா தொடங்கினால் மற்ற அம்மாமாரும் சேர்ந்து அழுவினம், அதில் ராகம் இருக்கும், பேர் இருக்கும், பிள்ளைக்குப் பிடிச்ச சாப்பாடு இருக்கும். அதைக் கேட்டு ஒருத்தரும் ஆடமாட்டினம்.

இனி என்ட வீட்டுக் கதை. அம்மாவின் அம்மாவை நான் வீட்டில் 'அம்மாயி' எண்டு கூப்பிடுவன். பள்ளிக்கூடத்தில் கேட்டால் 'அம்மம்மா' எண்டு சொல்லுவன். ஏன் எண்டு உங்களுக்கு விளங்கும். மாத்தளைப் பக்கத் தோட்டத்திலிருந்து 77இல் ஒரு பெட்டியோட வவுனியாவுக்கு வந்தவ. சாமத்தியவீட்டு மேசையில் நான் வாயைத் திறக்காமல் இருந்ததையும் இதில எழுதத்தான் வேணும். அந்த 'ம்' கொட்டின ஆட்களில் நான் இல்லை, ஆனால் "என்ட அம்மாயியும் தோட்டத்தாதான்" எண்டு சொன்ன ஆளாகவும் இல்லை.

அண்டைக்கு இரவு வீட்ட வந்து போனில் பாட்டை முழுசாகப் போட்டு அம்மாயிக்குக் காட்டினன். ஆட்டமெல்லாம் அவவுக்குப் பிடிச்சுது, வள்ளியம்மாளைப் பார்த்து "ராணி மாதிரி இருக்கா" எண்டா. ஒப்பாரி வந்ததும் முகம் மாறிட்டுது.

"இது யாரு செத்ததுக்குப் பாடுறாங்க?"

எனக்குப் பதில் வரேல்லை. அவ கொஞ்சநேரம் பேசாமல் இருந்து, வேற ஒன்றை மெல்லமாகத் தொடங்கினா. அவவின் அக்காவுக்குப் பாடினதாம், 71இல் இந்தியாவுக்குப் போகேக்க தலைமன்னாரில் வைச்சு. உயிரோட இருந்த ஆளுக்கு ஒப்பாரி. நான் மெதுவா ரெக்கோர்ட் பட்டனை அமத்தினன். கண்டிட்டா.

"அத நிப்பாட்டு. மொதல்ல கேளு."

நிப்பாட்டினன். ரெண்டு தரம் பாடினா. எனக்கு இப்ப பாதிதான் பாடம், மிச்சத்துக்கு ஞாயிற்றுக்கிழமை திரும்ப இருக்கோணும்.