டோனி கார்னெட்: தயாரிப்பாளரும் படைப்பாளியே

திரைப்படத்தின் ஆசிரியர் இயக்குநரே என்ற கொள்கை பிரான்சில் தோன்றி அரை நூற்றாண்டுக்கும் மேலாகிவிட்டது. நம் சிற்றிதழ்களும் அதை வேதவாக்காகவே ஏற்றுக்கொண்டுவிட்டன. தயாரிப்பாளர் என்றதும் நமக்குப் பணப்பெட்டிதான் நினைவுக்கு வருகிறது. இந்தக் கணக்குக்குள் அடங்காதவர் பிரிட்டனைச் சேர்ந்த டோனி கார்னெட் (1936–2020). கென் லோச்சைக் கொண்டாடும் வாசகர்கள் இவர் பெயரைப் படிக்காமலே கடந்துவிடுவது நியாயமன்று.

பர்மிங்காமில் உழைக்கும் வர்க்கக் குடும்பமொன்றில் பிறந்தவர் கார்னெட். லண்டனில் உளவியல் பயின்றார், நடிகராக இருந்தார், பின்னர் பி.பி.சி.யின் ‘புதன்கிழமை நாடகம்’ வரிசையில் கதைப் பிரிவில் சேர்ந்தார். 1965இல் நெல் டன்னின் நூலை ‘அப் த ஜங்ஷன்’ என்ற நாடகமாகக் கொண்டுவர முன்னின்றார். 1966 நவம்பரில், ஜெரமி சான்ட்ஃபோர்ட் எழுதிய ‘கேத்தி கம் ஹோம்’ அவர் தயாரிப்பில் ஒளிபரப்பானது. வீடிழந்து, கணவனைப் பிரிந்து, இறுதியில் பிள்ளைகளையும் பறிகொடுக்கும் ஒரு பெண்ணின் கதை அது. ஏறத்தாழ 1 கோடியே 20 லட்சம் பேர் அதைப் பார்த்தனர். 1969இல் ‘கெஸ்’ திரைப்படம் வந்தது. இம்மூன்றையும் இயக்கியவர் லோச்.

அப்படியானால் பெருமை முழுவதும் லோச்சுக்குத்தானே என்று கேட்கலாம். லோச் இல்லாத படைப்புகளைப் பாருங்கள். மைக் லீ இயக்கிய ‘ஹார்ட் லேபர்’ (1973), ரோலண்ட் ஜோஃபே இயக்கிய ‘த ஸ்பாஞ்சர்ஸ்’ (1978), லெஸ் பிளேர் இயக்கிய ‘லா அண்ட் ஆர்டர்’ (1978) ஆகிய மூன்றும் கார்னெட் தயாரித்தவை. இயக்குநர்கள் வேறு, எழுத்தாளர்கள் வேறு. ஆனால் அரசு, காவல், நீதி என்னும் நிறுவனங்கள் எளிய மனிதனை எப்படி அரைக்கின்றன என்ற கேள்வி மட்டும் மாறவில்லை. பி.பி.சி.யில் அவர் சொந்தப் பணம் போடவில்லை. சம்பளம் வாங்கிய ஊழியர். எதைச் சொல்வது, யார் எழுதுவது, யார் இயக்குவது என்று தேர்ந்ததும், படப்பிடிப்பை அரங்கிலிருந்து தெருவுக்குக் கொண்டுசெல்லப் போராடியதும், மேலதிகாரிகளின் கோபத்தைத் தாம் வாங்கிக்கொண்டதுமே அவர் பணி.

அந்தத் தேர்வின் வேர் எங்கிருந்தது என்பது வெகுகாலம் வெளியே தெரியவில்லை. அவர் முதுமையில்தான் அதைப் பொதுவில் பேசினார். 2016இல் தன்வரலாறாகவும் எழுதினார். அவருக்கு ஐந்து வயதிருக்கும்போது, சட்டத்துக்குப் புறம்பான கருக்கலைப்பால் தாய் இறந்தார். பத்தொன்பது நாட்களில் தந்தை தற்கொலை செய்துகொண்டார். ‘அப் த ஜங்ஷன்’ நாடகத்தை உலுக்கிய காட்சி எது தெரியுமா? கள்ளத்தனமாகச் செய்யப்படும் ஒரு கருக்கலைப்புதான். பிரிட்டனில் கருக்கலைப்புச் சட்டம் தளர்த்தப்பட்டது 1967இல். அந்த நாடகத்துக்குப் பின்னால் ஓர் அனாதைச் சிறுவன் நின்றிருந்தான் என்பதைப் பார்த்தவர் எவரும் அறியார்.

வாழ்க்கைக் காயத்தைக் கொண்டே படைப்பை அளந்துவிடக் கூடாது என்பதை நானும் ஏற்கிறேன். நெல் டன்னின் நூல் கார்னெட்டுக்கு முன்பே எழுதப்பட்டுவிட்டது. லோச்சின் கண்ணும் லோச்சுடையதே. ஆனால் நூற்றுக்கணக்கான கதைகள் மேசைக்கு வரும் இடத்தில் இது சொல்லப்பட்டே தீரவேண்டும் என்று ஒன்றைப் பிடித்து நிற்பதும் படைப்புச் செயலே. தன் துயரைத் தன் பெயரில் சொல்லாமல் பிறர் குரலுக்கு இடம் தந்த அடக்கத்தை, தன்வரலாற்றையே இலக்கியமாக எண்ணும் இக்காலத்தில் நாம் கவனிக்கவேண்டும்.

இதற்கு இன்னொரு பக்கமும் உண்டு. 1980களில் கார்னெட் ஹாலிவுட் சென்றார். குழந்தைகளுக்கான ‘ஃபாலோ தட் பேர்ட்’ (1985) போன்ற படங்களைத் தயாரித்தார். பழைய சூடு அங்கே இல்லை. மனிதர் அவரேதான், தோல்வியடையும் உரிமையைக் கொடுத்த பொது நிறுவனம்தான் அங்கே இல்லை. பிரிட்டன் திரும்பிய பின், ‘திஸ் லைஃப்’ (1996–97), ‘த காப்ஸ்’ (1998–2001) ஆகிய தொடர்களில் அந்தச் சூடு மீண்டும் தெரிந்தது. தயாரிப்பாளன் என்னும் படைப்பாளி தனியாக முளைப்பதில்லை. அவனை அனுமதிக்கும் நிலமும் வேண்டும்.

வீடற்றோருக்கான தனிச் சட்டம் பிரிட்டனில் வந்தது 1977இல், ‘கேத்தி’ ஒளிபரப்பாகிப் பதினோராண்டுகள் கழித்து. ஒரு நாடகம் சட்டம் இயற்றாது. ஆனால் அதை ஒளிபரப்பத் துணிந்தவரின் பெயரையாவது, படம் முடிந்து எழுத்துகள் ஓடும்போது, எழுந்துவிடாமல் நாம் படிக்கலாம்.