நடுவில் மாட்டிக்கொண்டவனின் முகம்

போலந்து நடிகர் என்றதும் உலக சினிமா பார்ப்பவர்கள் கறுப்புக் கண்ணாடி போட்ட சிபுல்ஸ்கியைத்தான் சொல்வார்கள். 'ஆஷஸ் அண்ட் டைமண்ட்ஸ்' (1958) பார்த்தவர்களால் அவரை மறக்க முடியாது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் என் ஓட்டு யெஷி ஷ்டூருக்குத்தான்.

1947-இல் கிராக்கோவில் பிறந்தவர், 2024 ஜூலையில் காலமானார். அதே ஊரின் ஸ்டாரி தியேட்டர் மேடையில் வளர்ந்தவர். ஆந்த்ரே வாய்தா இயக்கத்தில் 1981-இல் ஹாம்லெட். 1984-இல் 'குற்றமும் தண்டனையும்' நாடகத்தில் விசாரணை அதிகாரி போர்ஃபிரி. போலிஷ் பேசும் 'ஷ்ரெக்' படத்தில் கழுதையின் குரலும் இவருடையதுதான்!

ஹாம்லெட்டும் கழுதையும் இருக்கட்டும். நான் சொல்ல வந்தது கீஸ்லோவ்ஸ்கி படங்களில் அவர் செய்த இரண்டு சாதாரண ஆட்களைப் பற்றி.

முதலாவது 'அமைதி'. 1976-இல் எடுத்து, 1980 வரை முடக்கி வைத்திருந்தார்கள். சிறையிலிருந்து வெளியே வந்தவனுக்கு ஒரு வேலை, ஒரு மனைவி, ஒரு வீடு போதும். கட்டட வேலையில் சேருகிறான். சாமான் திருட்டில் முதலாளிக்குப் பங்கு இருக்கிறது, தொழிலாளிகள் வேலைநிறுத்தம் செய்கிறார்கள். இரண்டு பக்கமும் நல்லவனாக இருக்கப் பார்த்து, கடைசியில் சக தொழிலாளிகளிடமே அடி வாங்குகிறான்.

இரண்டாவது 'கேமரா பஃப்' (1979). பிறந்த குழந்தையைப் படமெடுக்கக் கேமரா வாங்கும் தொழிற்சாலை ஊழியன். பிறகு ஆலையை எடுக்கிறான், ஊரை எடுக்கிறான். எடுத்ததெல்லாம் உண்மைதான். ஆனால் அதனால் வேலை போவது அவன்மேல் அன்பாக இருந்த மேலதிகாரிக்கு. மனைவியும் குழந்தையோடு போய்விடுகிறாள்.

இங்கேதான் எனக்குச் சுரீர் என்றது. ஒரு முறை ஆய்வின்போது கிளையில் நடந்ததை உள்ளது உள்ளபடி எழுதிக் கொடுத்தேன். ஒரு வரி பொய் இல்லை. தண்டனை போய்ச் சேர்ந்தது உத்தரவு போட்டவருக்கு அல்ல, அதை நம்பிக் கையெழுத்துப் போட்ட கேஷியருக்கு. எழுதியது தப்பா? இல்லை என்றுதான் இன்றும் சொல்வேன். ஆனால் அந்த மனிதரைப் பார்த்தால் இன்றும் தலை குனிந்துகொள்கிறேன். அந்தத் தலைகுனிவை ஷ்டூர் வசனமே இல்லாமல் முகத்தில் காட்டுகிறார். நியாயப்படுத்துவதும் இல்லை, பரிதாபம் கேட்பதும் இல்லை.

மேடையிலும் அவர் இந்த ஆளை விடவில்லை. ஸூஸ்கிண்டின் 'டபுள் பாஸ்' என்ற ஓராள் நாடகத்தைப் பல வருஷங்கள் திரும்பத் திரும்ப நடித்தார். அரசு ஆர்கெஸ்ட்ராவில் நிரந்தர வேலை, யாரும் கவனிக்காத வாத்தியம், விடவும் முடியாத, விரும்பவும் முடியாத உத்தியோகம். மாதச் சம்பளக்காரர்களே, எங்கேயோ கேட்ட மாதிரி இல்லை?

வீரனாக நடிப்பது சுலபம் என்று சொல்லவில்லை. ஆனால் வீரன் கடைசிக் காட்சியில் செத்துப் போகலாம். ஷ்டூரின் ஆட்கள் திங்கட்கிழமை வேலைக்குப் போயாக வேண்டும். அதை நடிப்பதுதான் கஷ்டம் என்பது என் கட்சி.

'கேமரா பஃப்' கிடைத்தால் வீட்டில் எல்லோரும் சேர்ந்து பாருங்கள். முடிவில் அவன் கேமராவைத் தன் பக்கமே திருப்பிக்கொள்கிறான். அவன் செய்தது சரியா தப்பா என்று வீட்டில் ஒரு சண்டையாவது வரும். வரட்டும், நல்லதுதான்.