ஜாமீன் பணம் யாருடையது?

ஒப்பந்தம் முறிந்தால் கண்டிராக்டரின் ஜாமீன் பணம் சர்க்காருக்கே சொந்தம் என்று சில காரியாலயங்களில் ஓர் எண்ணம் நிலவுகிறது. அது எப்பொழுதும் சரியன்று.

1947-ல் ஐக்கிய மாகாணத்தில் ராணுவத்துக்கு உருளைக்கிழங்கும் முட்டையும் மீனும் சப்ளை செய்ய ஒருவர் ஒப்புக்கொண்டு, 18,500 ரூபாய் ஜாமீன் கட்டினார். சப்ளை ஒழுங்காக நடைபெறவில்லை. சர்க்கார் ஒப்பந்தத்தை ரத்துச் செய்ததோடு, ஜாமீனையும் எடுத்துக்கொண்டனர். தங்களுக்கு என்ன நஷ்டம் என்பதை மட்டும் அவர்கள் ருசுப்படுத்தவில்லை. ஆகவே, 1969-ல் சுப்ரீம் கோர்ட்டு அத்தொகையை வட்டியுடன் திருப்பித் தரும்படி தீர்ப்பளித்தது.

நியாயம் கிடைத்தது, ஆனால் இருபத்திரண்டு வருஷம் கழித்து! அத்தனை காலம் வழக்காட வசதியற்ற சிறு கண்டிராக்டரின் கதி என்ன? நஷ்டத்தைக் காட்ட இயலாதபோது, கோர்ட்டுப் படி ஏறவிடாமல் பணத்தைத் திருப்பித் தருவதே ஜனநாயக சர்க்காருக்கு அழகு என்போம்.