பொதுக் கிணற்றைக் காப்பது யார்?

பொழியூர்: கடலோர ஊரில் நல்ல தண்ணீர்க் கிணறு ஒன்றே ஒன்று என்றால், ஊரே அதில் இறைக்கும், தூர் வாரும் நாளில் மட்டும் ஆள் கிடைக்காது. கம்ப்யூட்டர் உலகிலும் இதே நிலைதான் என்பதை 2024 மார்ச்சில் நடந்த சம்பவம் அம்பலப்படுத்தியது.

கம்ப்யூட்டரில் ஓடும் ஒவ்வொரு புரோகிராமும் எல்லா வேலையையும் தானே செய்வதில்லை. பலவற்றுக்கும் தேவையான வேலைகளைத் தனிக் கோப்புகளாக எழுதிப் பொதுவில் வைத்திருப்பார்கள். இவையே பொது நூலகக் கோப்புகள். மனிதர் எழுதிய மூல வரிகளை இயந்திரம் ஏற்கும் வடிவில் கட்டித் தரும் வேலையும் இன்று தானியங்கி முறையில் நடக்கிறது.

தகவல்களைச் சுருக்கிவைக்க உதவும் 'எக்ஸ்.இசட்.' அத்தகைய நூலகம். இதைப் பராமரித்து வந்தவர் பின்லாந்தைச் சேர்ந்த லாசே கொலின். சம்பளமில்லாத வேலை. ஓய்ந்துபோயிருந்த அவருக்குத் துணையாக 2021 முதல் 'ஜியா டான்' என்ற பெயரில் ஒருவர் வந்து சேர்ந்தார். மெல்ல நம்பிக்கையையும் அதிகாரத்தையும் பெற்றார். 2024 பிப்ரவரி, மார்ச் மாதங்களில் வெளியான 5.6.0, 5.6.1 பதிப்புகளில் நஞ்சு கலந்தார்.

நஞ்சு இருந்த இடம் கவனிக்கத்தக்கது. எல்லோரும் படித்துப் பார்க்கும் மூல வரிகளில் அது வெளிப்படையாக இல்லை. சோதனைக்கென வைத்த கோப்புகளுக்குள் அது ஒளிந்திருந்தது. வெளியீட்டுக் கட்டில் மட்டும் சேர்த்திருந்த ஒரு கட்டளைக் கோப்பு, நூலகம் தானாகக் கட்டப்படும் வேளையில் அதை உள்ளே செலுத்தியது. தொலைவிலிருந்து சர்வர்களில் நுழைவதற்கான கதவுக்கு, ஒருவரிடம் மட்டும் கள்ளச்சாவி இருக்கும்படி செய்வதே நோக்கம்.

மைக்ரோசாப்ட் பொறியாளர் ஆண்ட்ரெஸ் பிராயிண்ட், உள்நுழைய அரை வினாடி கூடுதலாவது ஏன் என்று துருவியதால் குட்டு உடைந்தது. மார்ச் 29-ல் அவர் உலகை எச்சரித்தார். உபுண்டு நிறுவனம் தனது 24.04 சோதனை வெளியீட்டை ஒரு வாரம் தள்ளிவைத்து, தொகுப்புகளை மறுபடி கட்டியது.

இதில் எல்லையோர மக்களுக்கு என்ன என்று கேட்கலாம். கேரள அரசுப் பள்ளிகளில் 'கைட்' நிறுவனம் தரும் அமைப்பு உபுண்டுவை அடிப்படையாகக் கொண்டது. பாறசாலை, நெய்யாற்றின்கரைப் பகுதித் தமிழ்ப் பிள்ளைகளும் அதில்தான் பயில்கிறார்கள். புழக்கத்திலிருந்த நிலையான வெளியீடுகளை நஞ்சு எட்டுமுன் பிடிபட்டதால் ஆபத்து விலகியது.

திறந்த மென்பொருளே தவறு என்பது சரியல்ல. திறந்திருந்ததால்தான் வெளியார் ஒருவர் துருவ முடிந்தது. ஆனால், திறந்திருந்தாலே காவல் இருக்கிறது என்று பொருளல்ல. வெளியீட்டுக் கட்டும் பொதுவில் உள்ள மூலமும் ஒன்றுதானா என்று ஒவ்வொரு முறையும் ஒப்பிட வேண்டும். பராமரிப்பவருக்குக் கூலியும் துணையும் வேண்டும். ஜெர்மன் அரசு 2022-ல் இதற்கென நிதி ஏற்படுத்தியது.

இலவச மென்பொருளால் செலவை மிச்சப்படுத்தும் மாநில அரசுகள், அதில் சிறு பங்கையாவது இத்தகைய காவலுக்குத் திருப்புவதே நியாயம். அடுத்த முறையும் அரை வினாடித் தாமதம் யார் கண்ணிலாவது படும் என்று நம்பி இருக்க முடியாது.