பறிக்காமலே பெயர் சொல்லலாம்

தாவரவியல் படிப்பவர்களுக்கு ஹெர்பேரியம் என்றால் என்ன என்று சொல்லத் தேவையில்லை. மற்றவர்களுக்காக: செடியை வேரோடு எடுத்து, செய்தித்தாளுக்கு நடுவில் வைத்து அழுத்திக் காயவைத்து, வெள்ளை அட்டையில் ஒட்டி, கீழே பெயர், குடும்பம், இடம், தேதி எழுதிக் கொடுப்பது. பிராக்டிகலில் அதற்கு மதிப்பெண் உண்டு. அந்த மதிப்பெண்ணுக்காகத்தான் கல்லூரி டூர் பஸ்களில் பிளாஸ்டிக் பைகளோடு மாணவர்கள் மலையேறுகிறார்கள். தும்பையையும் நாயுருவியையும் பறித்தால் உலகம் அழிந்துவிடாது, பறிக்கட்டும். ஆனால் கொடைக்கானல் பக்கத்துச் சதுப்பிலும், பாசி படிந்த சோலைக்காட்டிலும் ஒரு விரல் உயரத்தில் நிற்கும் ஆர்க்கிட் செடிகளை அதே கணக்கில் சேர்ப்பது தவறு. அறிவியலுக்காகத்தானே என்று சொல்வார்கள். உண்மையில் அறிவியலுக்கும் அதனால் பயனில்லை என்பதுதான் வேடிக்கை.

அய்யம்பாளையத்தில் நின்று பார்த்தால் இதெல்லாம் நம்புவதற்கே கஷ்டமாக இருக்கும். தென்னந்தோப்பு, வெயில், பக்கத்தில் மருதாநதி அணை. சதுப்பும் பாசியும் அங்கே கிடையாது. அணைக்கு வரும் தண்ணீர் மட்டும் மேலேயிருந்து வருகிறது. ஊரைத் தாண்டி மலைப்பாதையில் ஏறினால் பெரும்பாறை, தாண்டிக்குடி, பண்ணைக்காடு என்று கீழ்ப்பழனி மலை தொடங்கிவிடும். காற்று குளிர்கிறது. காபித் தோட்டத்து நிழல் மரங்களின் அடிமரமெல்லாம் பச்சையாகப் பாசி. அந்தப் பாசிக்குள்தான் முதல் வகை ஆர்க்கிட் ஒளிந்திருக்கிறது: ஓபெரோனியா. தட்டையான இலைகள் விசிறி மடிப்பைப் போல ஒன்றன்மேல் ஒன்றாக இருக்கும். அதன் நுனியிலிருந்து எலிவால் போல ஒரு பூங்கொத்து தொங்கும். ஒவ்வொரு பூவும் கடுகளவுதான். பஸ்ஸில் போகிறவர் கண்ணில் அது படவே படாது. இன்னும் மேலே, சுமார் 2,100 மீட்டர் உயரத்தில் இருக்கும் கொடைக்கானல் பக்கம் போனால் மரத்தில் தேட வேண்டாம், காலடியில் தேட வேண்டும்.

காலடியில் என்றால் நிஜமாகவே காலடியில். சோலைக்காட்டின் மக்கிய இலைகளுக்கு நடுவே டிஸ்பெரிஸ் நீல்கெரென்சிஸ் என்று ஒன்று உண்டு. மெல்லிய தண்டு, இரண்டு மூன்று சின்ன இலைகள், வெள்ளையும் இளஞ்சிவப்புமாக ஒன்றிரண்டு பூ. மேல் இதழ்கள் சேர்ந்து ஒரு குல்லாய் போலக் கவிந்திருக்கும், பக்கவாட்டு இதழ்கள் ஒவ்வொன்றிலும் ஒரு சின்னப் பை இருக்கும். அந்தப் பையைப் பார்த்தாலே போதும், வேறு எதனோடும் குழப்பிக்கொள்ள முடியாது. 1851-ல் இதற்குப் பெயர் வைத்தவர் ராபர்ட் வைட். இதே செடி இலங்கை, தைவான், பிலிப்பைன்ஸ் வரைக்கும் இருக்கிறது. ஈரமான புல்வெளியிலும் சதுப்பு ஓரத்திலும் நிற்பது ஸ்பைராந்தெஸ். தண்டைச் சுற்றிப் படிக்கட்டு ஏறுவது போல இளஞ்சிவப்புப் பூக்கள். இதைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள்.

இவை சுலபமானவை. கஷ்டம் லிபாரிஸ், மலாக்ஸிஸ் இரண்டிலும்தான் வரும். இரண்டுமே சிறியவை, பச்சையோ மங்கலான ஊதாவோ, கூட்டத்தில் தனியாகத் தெரியாத முகம். இலையை மட்டும் பார்த்து இவற்றைப் பிரித்துச் சொல்கிறேன் என்பவரை நம்பக் கூடாது. பூவின் நடுவில் இருக்கும் தூணைப் பார்க்க வேண்டும். லிபாரிஸில் அது நீளமாக வளைந்திருக்கும், மலாக்ஸிஸில் குட்டையாக இருக்கும். உதடு என்று சொல்லப்படும் இதழ் லிபாரிஸில் பெரும்பாலும் கீழே, மலாக்ஸிஸில் பெரும்பாலும் மேலே. பூவின் பின்னால் வால் போன்ற குழல் இருக்கிறதா என்பது அடுத்த கேள்வி. ஹபனேரியாவில் ஒன்று, சதிரியத்தில் இரண்டு, ஸ்பைராந்தெஸில் இல்லவே இல்லை. இவ்வளவையும் பத்து ரூபாய் நாணயம் அளவுள்ள ஒரு கை லென்ஸை வைத்துக்கொண்டு, முழங்காலிட்டு, செடியைத் தொடாமல் பார்த்துவிடலாம். (முழங்காலிடும் முன் தரையைப் பார்ப்பது நல்லது. ஒரு செடி இருக்கும் இடத்தில் பூக்காத பத்துச் செடிகள் இருக்கலாம்.)

இப்போது அதே செடியைப் பறித்து அழுத்தினால் என்ன நடக்கிறது என்று பாருங்கள். கடுகளவு பூ காய்ந்ததும் கசங்கி ஒரு பழுப்புப் புள்ளியாகிவிடும். உதடு எந்தப் பக்கம், தூண் வளைவா நேரா, பை இருந்ததா என்பதெல்லாம் போய்விடும். அதனால்தான் ஆராய்ச்சியாளர்கள் ஆர்க்கிட் பூக்களைத் தனியாகச் சாராயத்தில் போட்டு வைக்கிறார்கள். மாணவர் அட்டையில் அந்த வசதி ஏது? ஆக, அடையாளம் காணத் தேவையான ஒரே பகுதியை அழித்துவிட்டு, தேவையில்லாத இலையையும் தண்டையும் பத்திரப்படுத்துகிறார்கள். தேர்வு முடிந்ததும் அதுவும் பழைய பேப்பர் கடைக்குப் போகிறது.

வீட்டுக்குக் கொண்டுபோய்த் தொட்டியில் வைக்கலாம் என்பவர்களும் இருக்கிறார்கள். ஆர்க்கிட் விதை தூசி போன்றது, முளைப்பதற்கு வேண்டிய உணவைத் தன்னிடம் வைத்திருப்பதில்லை. மண்ணில் இருக்கும் ஒரு பூஞ்சையின் உதவி கிடைத்தால்தான் அது முளைக்கும். 1899-ல் பிரான்சில் நோயெல் பெர்னார் இதைக் கண்டுபிடித்தார். வளர்ந்த பிறகும் இந்த வகைத் தரைச் செடிகள் பல அந்த மண்ணையும் பூஞ்சையையும் நம்பித்தான் இருக்கின்றன. தொட்டியில் வைத்தது வாடியதும் "கை ராசி இல்லை" என்று சொல்லிக்கொள்வது வழக்கம். ராசிக்கும் இதற்கும் சம்பந்தமில்லை.

இதற்கு ஒரு நியாயமான எதிர்க்கேள்வி உண்டு. பறிக்கவே கூடாது என்றால் இந்தப் பெயர்களெல்லாம் எப்படி வந்தன? வைட் பறித்தார். 1836-ல் பழனி மலைக்கே வந்து பறித்தார். பாதிரியார் கே. எம். மேத்யூ பல வருடங்கள் இந்த மலையில் சேகரித்துத்தான் 1999-ல் பழனி மலைத் தாவரங்கள் பற்றிய மூன்று பாக நூலை வெளியிட்டார். உண்மைதான். ஆனால் அவர் சேகரித்தவை திருச்சி செயின்ட் ஜோசப் கல்லூரியின் ராபினட் ஹெர்பேரியத்தில் இன்றும் இருக்கின்றன. யார் வேண்டுமானாலும் போய்ச் சரிபார்க்கலாம். ஒரு முறை முறையாக எடுத்து எல்லோருக்கும் பயன்படுவது வேறு. ஐம்பது பேர் ஐம்பது செடி எடுத்து ஒருவருக்கும் பயன்படாமல் போவது வேறு. தவிர 2013-ல் கொடைக்கானல் வனவிலங்கு சரணாலயம் அறிவிக்கப்பட்ட பிறகு, அதன் எல்லைக்குள் அனுமதி இல்லாமல் செடி எடுப்பது சட்டப்படியும் குற்றம்.

வைட் கதையில் பறிப்பதைவிட முக்கியமான ஒரு விஷயம் இருக்கிறது, அதை யாரும் சொல்வதில்லை. அவருடைய 'ஐகோன்ஸ்' தொகுதிகளில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட படங்கள். வைட்டுக்காகச் செடிகளை வரைந்தவர்களில் முக்கியமான இரண்டு பேர் ரங்கையாவும் கோவிந்துவும், இந்த நாட்டு ஓவியர்கள். கோவிந்துவின் பெயரையே வைட் ஒரு ஆர்க்கிட் பேரினத்துக்கு 'கோவிந்தூயியா' என்று வைத்தார். பின்னால் வந்தவர்கள் அதை டிரோபிடியா என்ற பழைய பேரினத்தில் சேர்த்துவிட்டார்கள். பெயர் போய்விட்டது, ஆனால் படம் இன்றும் பயன்படுகிறது. உதடும் தூணும் தனித்தனியாகப் பெரிதாக்கி வரையப்பட்டதுதான் காரணம். செண்பகனூரில் பாதிரியார் ஆங்லேடும் இந்த மலையின் செடிகளை வண்ணத்தில் வரைந்து வைத்தார். மாணவர்களிடம் கேட்க வேண்டியது இந்தப் படத்தைத்தான். முன்னால் ஒன்று, பக்கவாட்டில் ஒன்று, இலையின் அடிப்பக்கம், முழுச் செடி, அது நிற்கும் இடம் என்று ஐந்து போட்டோ. கூடவே கையால் வரைந்த ஒரு பூ. அழகாக இருக்க வேண்டும் என்பதில்லை. வரைகிறவர் கண்டிப்பாகத் தூணைப் பார்த்தாக வேண்டும், அவ்வளவுதான். அட்டைக்குத் தரும் மதிப்பெண்ணை இதற்குத் தருவதில் எந்தத் தேர்வாளருக்கும் நஷ்டமில்லை.

பெயர் எழுதும்போதும் அவசரம் வேண்டாம். இணையத்தில் சதுப்பு ஆர்க்கிட் என்று ஆங்கிலத்தில் தேடினால் ஹம்மர்பியா என்ற ஐரோப்பியச் செடி வந்து நிற்கும். விரல் உயரம், பச்சைப் பூ, பாசிச் சதுப்பு, எல்லாம் பொருந்தும். ஒரு காலத்தில் அதையும் மலாக்ஸிஸ் என்றே அழைத்தார்கள். ஆனால் அது குளிர்நாட்டுச் செடி, பழனி மலையில் கிடையாது. ஸ்பைராந்தெஸ் சைனென்சிஸ் என்று புத்தகங்களில் இருக்கும் பெயரே டிஎன்ஏ ஆய்வுகளுக்குப் பிறகு பல இனங்களாகப் பிரிந்துகொண்டிருக்கிறது. நிபுணர்களே தயங்கும் இடத்தில் "லிபாரிஸ், இனம் தெரியவில்லை" என்று எழுதுவது அவமானமில்லை. ஊகித்து எழுதிய முழுப் பெயரைவிட அது எவ்வளவோ மேல். ஏனென்றால் இந்தப் பதிவுகள் ஒருநாள் தேவைப்படும். கொடைக்கானல் ஏரியே 1863-ல் ஒரு சதுப்புப் பள்ளத்தில்தான் உருவாக்கப்பட்டது, பேரிஜம் ஏரியும் அப்படியே. மிச்சமிருக்கும் ஈர நிலங்களில் சீகை மரம் பரவிவருகிறது. அங்கே என்ன இருந்தது என்று பிறகு யாராவது கேட்டால், தப்பான பெயர் எழுதிய அட்டை பதில் சொல்லாது.

கையில் எடுத்துப் பார்த்தே ஆக வேண்டும் என்பவர்களுக்கும் வழி இருக்கிறது. காபித் தோட்டங்களில் நிழலைக் குறைக்க மரக்கிளைகளை வெட்டிப் போடுவார்கள். பெரும்பாறைக்கும் தாண்டிக்குடிக்கும் நடுவே அப்படி விழுந்த கிளைகளில் பாசியோடு ஓபெரோனியாவும் ஒட்டியிருக்கும். தோட்டக்காரரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டு அங்கேயே உட்கார்ந்து லென்ஸில் பார்க்கலாம், வரையலாம். எப்படியும் அடுப்புக்குப் போகப்போகிற கிளை அது.